காசை நீட்டியவர்

நம் கல்லூரி மண்டபத்தில் ஆங்கில ஆசிரியர் ஒருவரின் முயற்சியால் 'காசாபிளாங்கா' என்ற பழைய ஹொலிவூட் படம் திரையிடப்பட்ட மாலையில், முன்வாங்கில் இருந்த எங்களுக்கு உரையாடலில் பாதி விளங்கவில்லை. ஆயினும் ஓரிடத்தில் மண்டபமே குலுங்கிச் சிரித்தது. இங்கே சூதாட்டம் நடப்பதை அறிந்து அதிர்ச்சியடைந்துவிட்டதாகக் கூறி விடுதியை மூடச் சொல்லும் பொலிஸ் அதிகாரி ரெனோவிடம், அன்றைய சூதில் அவர் வென்ற காசைக் கட்டாக எடுத்துவந்து வெகு பணிவாக நீட்டுகிறார் ஒரு சூதாட்ட மேசைப் பணியாளர். படத்தின் பெயர்ப் பட்டியலில் அவரைக் காணமுடியாது.

அவர் பெயர் மார்செல் தாலியோ என்பதைப் பாரிசுக்கு வந்து பல ஆண்டுகள் சென்ற பின்னர், சிறிய திரையரங்கு ஒன்றில் ழான் ரெனுவாரின் 'லா கிராந்த் இல்யூசியோன்' பார்த்தபோதுதான் அறிந்தேன். 1937 இல் வெளிவந்த அப்படத்தில், வீட்டிலிருந்து வரும் உணவுப் பொதிகளைச் சக போர்க்கைதிகளோடு பகிர்ந்துண்ணும் யூதரான ரோசந்தாலாக, புகழ்பெற்ற நடிகர் ழான் கபனுக்கு ஈடாக அவர் நடித்திருந்தார். 1939 இல் அதே இயக்குநர் 'லா ரேகிள் து ஷூ' படத்தில் அவரைப் பிரபுவாக்கினார். தாம் சேகரித்த இயந்திர இசைப்பெட்டிகளுள் மிகப் பெரியதை விருந்தினர் முன் திறந்துவிட்டு, பெருமையும் கூச்சமும் ஒன்றையொன்று தள்ள, என்ன செய்வதென்று தெரியாமல் அவர் நிற்கும் அந்த ஒரு காட்சிக்காகவே அப்படத்தை நான் திரும்பத் திரும்பப் பார்த்திருக்கிறேன்.

ருமேனியாவிலிருந்து வந்த யூதப் பெற்றோருக்குப் பாரிசில் பிறந்த தாலியோ, 1940 இல் ஜெர்மானியர் நகருக்குள் நுழையுமுன் மனைவி மதலேன் லெபோவுடன் வெளியேறி லிஸ்பனை அடைந்தார். அங்கு பெற்ற சிலி நாட்டு விசா போலியென்று தெரியவந்ததால் இருவரும் மெக்சிக்கோவில் சிக்கிக்கொண்டனர். இது எவ்வகை நிலைமை என்பதை புலம்பெயர்ந்த இம்மலரின் வாசகர் பலருக்கு நான் விளக்க வேண்டியதில்லை. பாரிசிலோ, யூதர் முகத்துக்கு மாதிரியென அவருடைய படத்தையே நாசிகள் சுவரொட்டிகளில் அச்சிட்டனர். அங்கு எஞ்சியிருந்த குடும்பத்தார் வதைமுகாம்களில் மாண்டனர்.

பின்னர் அவர் போய்ச்சேர்ந்த ஹொலிவூட் அவருக்குக் கொடுத்தவை பெரும்பாலும் உணவகத்தார், நீதவான், யாரோ ஒரு பிரெஞ்சுக்காரர் என்ற சில நிமிட வேடங்களே. கதாநாயகர்களைத் தாங்கிய ஒருவருக்கு இது இறக்கம்தான். ஆனால் அந்தக் காசுக்கட்டை நீட்டும் கையில் நான் எந்தக் கசப்பையும் கண்டதில்லை. 1955 இல் 'காசாபிளாங்கா' தொலைக்காட்சித் தொடரானபோது ரெனோவாக நடித்தவரும் அவரே.

பின்னர் பிரான்சிலும் அவர் தொடர்ந்து நடித்தார். 1973 இல் வெளிவந்து நாடே சிரித்த 'ரபி ஜேக்கப்' நகைச்சுவைப் படத்தில், உண்மையான ரபியாக, அதாவது யூத மதகுருவாக, வருபவர் தாலியோ. அதற்குப் பத்தாண்டுகளின் பின் 1983 இல் அவர் மறைந்தார். அந்தப் படத்தை என் பிள்ளைகளோடு தொலைக்காட்சியில் எத்தனையோ தடவை பார்த்திருந்தும், நீண்ட தாடிக்குள் இருந்த அவரை நான் அடையாளம் கண்டுகொண்டது அண்மையில்தான்.