சாய்கோட்டுக்கு அந்தப் பக்கம்

எங்கள் கணித வாத்தியார், சேர், போய்விட்டார் என்று வாட்ஸ்அப்பில் வந்தபோது கனடாவில், ஸ்காபரோவில் வாசல் பனி அள்ளிக்கொண்டிருந்தேன். அவருடைய கணிதத்தைப் பற்றி மற்றவர்கள் எழுதுவார்கள். நான் என் விலாசத்தைப் பற்றி எழுதுகிறேன்.

எட்டாம் வகுப்பில் புது இடாப்புக்கு விலாசம் கேட்டார். கொழும்பு, கொட்டாஞ்சேனைத் தெருவின் பெயரையும் இலக்கத்தையும் மட்டும் சொன்னேன்.

“அந்த இலக்கத்தில் கடையல்லவா இருக்கு?”

விடவில்லை. கடைசியில் சாய்கோடும் அதற்குப் பின்னாலிருந்த 38உம் வாயிலிருந்து விழுந்தன. தெருக் கடைகளுக்குப் பின்னால் ஒரே இலக்கத்தைப் பங்குபோடும் சின்ன வீட்டு வரிசைகளைக் கொழும்பில் தோட்டம் என்போம்; நான் தோட்டத்துப் பிள்ளை என்று வகுப்புக்கே விளங்கிவிட்டது.

“ஓ, ஸ்லாஷ்காரரா!” என்றார் சேர்.

இப்போதும் ஒன்றுகூடலில் தலை நரைத்த மூன்று பேர் என்னை ‘ஸ்லாஷ்’ என்றுதான் கூப்பிடுகிறார்கள். நானும் திரும்பிப் பார்க்கிறேன், என்ன செய்ய?

தோட்டம் முழுவதற்கும் ஒரே பைப். விடிய நாலு மணிக்கு வாளிகள் வரிசையில் நிற்கும். ஆள் இல்லாவிட்டாலும் வாளியை யாரும் தள்ளி வைக்க மாட்டார்கள். சீட்டுப் பிடித்தது எதிர்வீட்டுச் சிங்கள ஆச்சி. ஒரு வீட்டில் சாவு என்றால் அந்த மாதச் சீட்டு அங்கேதான் போகும். அந்த மாதம் சீட்டு எடுக்கும் முறை வந்தவர் வாய் திறக்க மாட்டார். செவ்வாய்க்கிழமை கொச்சிக்கடை அந்தோனியார் கோயிலுக்குப் போக எந்தச் சமயமும் தடையில்லை.

1983 ஜூலை 25, திங்கட்கிழமை. கொழும்பில் தமிழருக்கு எதிரான கலவரம். பள்ளிக்கூடத்தைப் பாதியில் விட்டார்கள். சேர் வெள்ளவத்தைக்குப் போக வழியில்லாமல் கேற்றடியில் நின்றார். “எங்க வீட்டுக்கு வாங்க சேர்” என்றேன். இலக்கம் அவருக்குத் தெரியும்தானே.

ஆச்சி முடுக்கு வாயிலில் கதிரையைப் போட்டு உட்கார்ந்தார். கூட்டமாக வந்தவர்களைச் சிங்களத்தில் அவர் ஏசிய ஏச்சை இங்கே எழுத முடியாது. திரும்பிப் போனார்கள். மறுநாள் விடிய, அப்பாவின் சாரத்தோடு, கையில் வாளியோடு சேர் பைப்படியில் நின்றார்.

பிறகு அதைப் பற்றி அவர் பேசியதில்லை. ‘ஸ்லாஷ்’ என்றும் கூப்பிடவில்லை. நான் வெளிநாடு புறப்பட்டபோது எழுதித் தந்த நற்சான்றிதழில் என் விலாசம் முழுசாக இருந்தது. சாய்கோடு மட்டும் இரண்டு தரம் அழுத்திப் போட்டதுபோல் தெரிந்தது.

2019 ஈஸ்டர் ஞாயிறு, கொச்சிக்கடை அந்தோனியார் கோயிலில் குண்டு வெடித்த செய்தி கேட்டுச் சேருக்குப் போன் எடுத்தேன். அவர் சுகம்தான்.

“தோட்டத்து ஆட்களுக்கு ஒன்றும் இல்லைதானே?” என்று என்னிடம் கேட்டார்.

என்னிடம் அங்கே ஒருவருடைய நம்பரும் இருக்கவில்லை.