தேவாலா: தேயிலைக்கு அடியில் தங்கம்

ஊட்டியிலிருந்து பைக்காரா, நடுவட்டம் வழியாகக் கூடலூருக்கு ஏறத்தாழ 50 கிலோமீட்டர். அங்கிருந்து நாடுகாணி தாண்டினால் தேவாலா, அடுத்து பந்தலூர். வருகிறவர்கள் பெரும்பாலும் தேயிலையைப் படமெடுத்துவிட்டுப் போய்விடுகிறார்கள். சாலைக்காக மண்ணை வெட்டிய இடங்களில் வெள்ளை வரியாக ஓடும் வெங்கச்சாங்கல்லை (குவார்ட்ஸ்) பாருங்கள். 1880-ஐ ஒட்டி லண்டன்காரர்கள் தங்கச் சுரங்கக் கம்பெனிகள் தொடங்கி இந்தக் காட்டில் பணத்தைக் கொட்டியது இந்தக் கல்லை நம்பித்தான்.

பூமியின் மேலோட்டில் ஒரு டன் பாறைக்குச் சில மில்லிகிராம் தங்கமே உண்டு. தோண்டக் கட்டுப்படியாக வேண்டுமென்றால் கிராம் கணக்கில் சேர வேண்டும். சேர்ப்பது வெந்நீர். 250 கோடி ஆண்டுப் பழமையான பாறைகள் இவை. ஆழத்தில் பாறை அழுந்திச் சூடேறும்போது கனிமங்களுக்குள் கட்டுண்ட நீர் வெளியேறும். 300 டிகிரிக்கு மேற்பட்ட சூட்டில், கந்தகம் கலந்த அந்த நீரில் தங்கம் கரையும். நீர் பாறைப் பிளவில் ஏறும். பிளவு சட்டென்று விரிந்தால், வெயிட்டைத் தூக்கிய குக்கர்போல அழுத்தம் இறங்கி, வெங்கச்சாங்கல் படியும். பக்கத்துப் பாறையில் இரும்பு மிகுந்திருந்தால் அது கந்தகத்தைப் பிடுங்கிப் பைரைட் என்ற மினுமினுக்கும் கனிமம் ஆகிவிடும். துணையிழந்த தங்கம் அங்கேயே தங்கிவிடும். பிளவு அடைபடும், மறுபடி வெடிக்கும், இப்படிப் பலமுறை. அதனால் பளிச்சென்ற வெள்ளைக் கல்லைவிடத் துருவேறிய ஓரமுள்ள கல்லே நம்பிக்கை தரும்.

கம்பெனிகளைக் கவிழ்த்ததும் அந்தத் துருதான். இங்கே மழை அதிகம். மேல்மட்டப் பைரைட் மழைநீரிலும் காற்றிலும் துருவாகிவிட, உள்ளிருந்த தங்கம் விடுபட்டது. அந்தக் கல்லை இடித்துக் கழுவினால் தட்டில் மஞ்சள் தெரியும். ஆழத்தில் பைரைட் துருவேறாமல் அப்படியே இருக்கிறது, தங்கம் அதற்குள் பூட்டிக்கிடக்கிறது. அன்று இடித்த தூளிலிருந்து தங்கத்தைப் பிடித்தெடுக்கப் பாதரசத்தைத்தான் நம்பினார்கள்; பூட்டிக்கிடக்கும் தங்கத்தை அது பிடிக்காது. தங்கத்தைச் சயனைடு கரைசலில் கரைத்தெடுக்கும் முறைக்குக் காப்புரிமை எடுத்ததே 1887-இல்தான். அதற்குள் பெரும்பாலான கம்பெனிகள் மூடிவிட்டன.

மின்னும் துகள் கிடைத்தால் ஊசியால் குத்துங்கள். தங்கம் நசுங்கும், பைரைட் நொறுங்கும், காக்காப்பொன் (மைக்கா) ஏடு ஏடாகப் பிரியும். டைல்ஸின் சொரசொரப்பான பின்பக்கத்தில் தேய்த்தால் தங்கம் மஞ்சள் கோடு போடும், பைரைட் கரும்பச்சை.

பழைய சுரங்க வாய்களுக்குள் மட்டும் நுழையாதீர்கள். உள்ளே பிராணவாயு குறைந்திருக்கும். மூச்சு முட்டுவதை உணரும் முன்பே மயக்கம் வரலாம். மழைக்காலத்தில் ஊறிய கூரை மண் எந்தச் சத்தமுமின்றிச் சரியும்.