பாயை எங்கே போடுவது?

மலேசியாவின் பேராக் மாநிலத்துச் சுங்கை சிப்புட் என்றால் வெளியூர்க்காரர்கள் மறைந்த அமைச்சர் துன் சம்பந்தனைச் சொல்வார்கள். வரலாறு படித்தவர்கள், தோட்ட அதிகாரிகள் இங்கே கொல்லப்பட்டு 1948-இல் அவசரகாலம் தொடங்கியதைச் சொல்வார்கள். எங்களுக்கு அது விடியுமுன் பேக்டரி பஸ் புறப்படும் ஊர். ரப்பர் தோட்டத்தில் பால்மரம் வெட்டியவர்களின் பேரப்பிள்ளைகள் இப்போது தாமான் என்னும் குடியிருப்பு வீடுகளில் இருக்கிறார்கள். அப்பா அம்மா ஈப்போ பக்கம் ஷிப்ட் வேலைக்குப் போய்விட, பிள்ளைகள் எங்கள் பராமரிப்பு மையத்துக்கு வருகிறார்கள். காலையில் சின்னஞ்சிறுசுகளுக்கு தாஸ்கா என்னும் குழந்தைக் காப்பகம், மதியத்துக்கு மேல் தமிழ்ப்பள்ளி விட்டு வரும் பிள்ளைகள் பெற்றோர் வரும்வரை தங்க டிரான்சிட்.

பிள்ளைகளின் குரலுக்கு முதலிடம் என்ற வாசகம் இல்லாத பயிற்சிப் பட்டறையே இப்போது கிடையாது. நல்ல வாசகம்தான். ஐ.நா.வின் குழந்தைகள் உரிமை உடன்படிக்கை 1989-இல் வந்தது. தன்னைப் பாதிக்கும் விஷயத்தில் பிள்ளை தன் கருத்தைச் சொல்லலாம், வயதுக்கும் பக்குவத்துக்கும் ஏற்ப அதற்கு மதிப்புத் தர வேண்டும் என்று அதன் 12-ஆம் பிரிவு சொல்கிறது. மலேசியா 1995-இல் அதில் சேர்ந்தபோது பல பிரிவுகளை ஏற்காமல் ஒதுக்கி வைத்தது. 12-ஆம் பிரிவு அந்தப் பட்டியலில் இல்லை. ஆக, தாளில் தடை ஏதும் இல்லை. சிக்கல் சாப்பாட்டு மேசையில்தான் தொடங்குகிறது.

மீகூன் என்னும் அரிசி சேமியாவைப் பரிமாறிவிட்டுக் கேட்போம்: "மீகூன் நல்லாயிருக்கா?"

"நல்லாயிருக்கு டீச்சர்." வாயிலிருப்பதை விழுங்காமல் கன்னத்தில் ஒதுக்கி வைத்துக்கொண்டே சொல்வார்கள்.

பெரியவர்கள் கேட்டால் எதிர்த்துப் பேசக் கூடாது என்று வளர்த்த பிள்ளைகள். நாம் கேள்வி கேட்டால், நமக்கு எந்தப் பதில் பிடிக்கும் என்று முகத்தைப் பார்த்துக் கண்டுபிடித்துவிடுவார்கள். அதில் அவர்கள் கெட்டிக்காரர்கள். "பிடிக்குதா, பிடிக்கலையா" என்று வட்டமாக உட்கார வைத்துக் கேட்டு அட்டையில் ஒட்டுவதை நான் நம்புவதில்லை. சுவரில் மாட்டிவைக்க அழகாக இருக்கும், அவ்வளவுதான்.

அலிசன் கிளார்க், பீட்டர் மோஸ் என்ற இருவர் இங்கிலாந்தில் 2001 வாக்கில் முன்வைத்த 'மொசைக்' முறை எங்களுக்குக் கைகொடுத்தது. சின்னப் பிள்ளைகள் கையில் கேமராவைக் கொடுப்பது, அவர்களையே இடத்தைச் சுற்றிக் காட்டச் சொல்வது, வரையச் சொல்வது, பிறகு எல்லாவற்றையும் சேர்த்து வைத்துப் பார்ப்பது. எங்களிடம் கேமரா இல்லை. திரையில் கீறல் விழுந்த பழைய கைப்பேசி ஒன்று இருந்தது. "இங்க உனக்கு முக்கியமானதைப் படம் எடு" என்று ஒவ்வொருவராக அனுப்பினோம்.

வந்த படங்கள் எல்லாம் நம் இடுப்புக்குக் கீழே எடுத்தவை. மேசையின் அடிப்பாகம், செருப்புத் தட்டு, மைலோ கலக்கும் ஜக். கழிவறைக் கதவின் தாழ்ப்பாளைப் பலர் எடுத்திருந்தார்கள். அது சரியாக விழாது. பாதியில் யாராவது கதவைத் திறந்துவிடுவார்களோ என்ற பயத்தில் வீட்டுக்குப் போகும்வரை அடக்கிக்கொண்டு இருந்திருக்கிறார்கள். நன்கொடையாளர் செலவில் ஒரு சுவர் முழுக்க யானையும் வானவில்லும் வரைந்திருக்கிறது. வருகிறவர்கள் எல்லாம் அதன் முன்னால் நின்றுதான் படம் பிடித்துக்கொள்வார்கள். பிள்ளைகளில் ஒருவர்கூட அதை எடுக்கவில்லை.

ஒரு பையன் திரும்பத் திரும்ப வெளிக்கேட்டையே எடுத்திருந்தான். வயது 4. மதியம் தூங்கவே மாட்டான், பக்கத்தில் படுப்பவனையும் தூங்கவிட மாட்டான். படத்தைக் காட்டி, இது என்ன என்றேன். பதில் சொல்லாமல் என் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போய், கம்பிக் கதவு ஓரமாகத் தரையில் படுத்துக் காட்டினான். "இங்கேருந்து பாத்தா அம்மா வர்றது தெரியும்." அலமாரிக்குப் பின்னால் அவன் பாய் விரிக்கும் இடத்தில் படுத்தால் கேட் தெரியாது. நானும் படுத்துப் பார்த்தேன். அலமாரியின் பின்பலகையும் ஒரு பல்லியும்தான் தெரிந்தன.

பாயை மாற்றலாம் என்றதும் உடன் வேலை செய்யும் தங்கை, "ஒருத்தனுக்கு மாத்துனா எல்லாரும் கேப்பாங்க அக்கா" என்றாள். அவள் சொன்னது போலவே எல்லாரும் கேட்டார்கள். அவரவர் பாயை அவரவரே விரிக்கட்டும் என்று விட்டோம். முதலில் ஒரே களேபரம். காற்றாடிக்குக் கீழே இடம் பிடிக்க அடிதடி. பிறகு அவர்களே முறை வைத்துக்கொண்டார்கள். அந்தப் பையன் இப்போதும் எல்லா நாளும் தூங்குவதில்லை. ஆனால் கேட்டைப் பார்த்தபடி சத்தமில்லாமல் படுத்திருப்பான். எனக்கு அது போதும். தாழ்ப்பாளையும் மாற்றினோம், அது சின்ன வேலை.

இதையெல்லாம் செய்ய ஆள் வேண்டும். தாஸ்காவில் 3 வயதுக்கு மேற்பட்ட பிள்ளைகள் 10 பேருக்கு ஒரு பராமரிப்பாளர் என்பது விதி. ஒருத்தி வாந்தி எடுத்து, இன்னொருத்தன் ஈரக் கால்சட்டையோடு நிற்கும் நேரத்தில், மூன்றாவது பிள்ளை எதைக் கைகாட்டுகிறது என்று எந்தப் புண்ணியவதி கவனிப்பாள்? குரல், உரிமை என்று பேசுகிறவர்கள் சம்பளத்தையும் ஆள் கணக்கையும் சேர்த்துப் பேசினால் நன்றாக இருக்கும்.

அந்தக் காலத்தில் தோட்டங்களில் பிள்ளைகளை விட்டுப்போன ஆயாக் கொட்டகையே மேல் என்று பாட்டிமார் சொல்வதுண்டு. வெளிச்சம் வருமுன் அம்மாக்கள் பால்மரம் வெட்டப் போவார்கள். வரிசையாகத் தொங்கும் ஏணைகளை ஆட்டிக்கொண்டு ஓர் ஆயா இருப்பார். எது பசி அழுகை, எது எறும்பு கடித்த அழுகை என்று அவருக்குத் தெரியும் என்பார்கள். தெரிந்திருக்கும். பேச்சு வராத பிள்ளையின் குரலைக் கேட்கும் வித்தை அதுதான். அதற்காக ஆயாக் கொட்டகையைப் புனிதமாக்க எனக்கு மனமில்லை. ஆயாவுக்கும் கை இரண்டுதான் இருந்தது.

"கேட்டுக் கேட்டுச் செஞ்சா பிள்ளை கெட்டுப்போயிடும் டீச்சர்" என்று ஓர் அப்பா சொன்னார். அவரை அடுத்த மாதம் இரவு ஷிப்டில் போடப் போகிறார்கள். உங்களுக்குத் தோதா என்று யாரும் அவரைக் கேட்கவில்லை. அவர் அப்பாவையும் தோட்டத்தில் வேலை வாங்கிய கங்காணி கேட்டிருக்க மாட்டார். யாரும் எதையும் கேட்காமலே வாழ்ந்த வீட்டில், நாலு வயதுப் பிள்ளையிடம் பாயை எங்கே போடலாம் என்று நாங்கள் கேட்பது அவருக்கு விளையாட்டாகத் தெரிவதில் நியாயம் இருக்கிறது. பெற்றோர் கூட்டத்தின் நேரத்தை இப்போது அவர்களைக் கேட்டுத்தான் வைக்கிறோம்.

கேட்ட பிறகு நம்மால் முடியாததும் வரும். ஊஞ்சலை ரோட்டோர மரத்தில் கட்டச் சொன்னார்கள். லாரி போகும் பாதை, முடியாது என்று காரணத்தோடு சொன்னோம். முகத்தைத் தூக்கிக்கொண்டார்கள், சரியாகிவிட்டது. இன்னொன்று அப்படிச் சரியாகவில்லை. "நான் எந்த ஸ்கூலுக்குப் போவேன்?" என்று 6 வயதுப் பெண் கேட்டாள். பிறந்தபோது பதியாமல் விட்ட பிள்ளை. 2003 முதல் இங்கே ஆரம்பக் கல்வி கட்டாயம்தான், ஆனால் அந்தக் கட்டாயம் குடிமக்களுக்கு. அவள் குடிமகள் என்று சொல்ல இன்னும் தாள் இல்லை. பெயரையும் நாட்டுரிமையையும் பேசும், அதே ஐ.நா. உடன்படிக்கையின் 7-ஆம் பிரிவு, மலேசியா ஒதுக்கி வைத்தவற்றில் ஒன்று.

"எல்லாம் சரியாயிடும்மா" என்று தலையைத் தடவி அனுப்பலாம். பலர் அப்படித்தான் செய்கிறோம். அவளிடம் இருப்பதைச் சொல்வது என்று முடிவெடுத்து, அவள் அப்பாவையும் வரச் சொன்னேன். உனக்கு ஒரு பத்திரம் வேண்டும், அதற்காக அப்பா அலைகிறார், இன்னும் கிடைக்கவில்லை என்று இருவரும் சேர்ந்து சொன்னோம். "அதுல என் பேரு எப்படி எழுதுவாங்க?" என்று கேட்டாள். அப்பா நெகிழிக் கோப்பைப் பிரித்து விண்ணப்ப நகலைக் காட்டினார். எழுத்தெழுத்தாக விரல் வைத்துப் பார்த்துவிட்டு, அடுத்த முறை தானும் கவுண்டருக்கு வருவேன் என்றாள்.

கூட்டிப்போக அப்பா ஒத்துக்கொண்டார். கிளம்பும்போது என்னைத் தனியாகக் கூப்பிட்டு, "ஆபீசர் முன்னால வாயைத் தொறக்காம இருக்கச் சொல்லுங்க டீச்சர்" என்றார். அதை மட்டும் நான் சொல்ல மாட்டேன் ஐயா என்றேன். சிரித்துக்கொண்டே மோட்டாரை எடுத்தார். பின்னால் உட்கார்ந்த அவள், ஆபீசருக்குத் தமிழ் தெரியுமா என்று அவரைக் கேட்டுக்கொண்டு போனாள்.