தண்ணீர் வடிய எத்தனை நாள்?

2015 டிசம்பர் இரண்டாவது வாரத்தில், தாம்பரத்துக்கு மேற்கே முடிச்சூரில் இருந்த சித்தி வீட்டைக் கழுவிவிட நாங்கள் நான்கு பேர் போனோம். சமையலறையில் குளிர்சாதனப் பெட்டி மிதந்து போய் மேடையின்மேல் மல்லாந்து கிடந்தது. பிளைவுட் அலமாரியின் கதவுகள் ஊறிப் பருத்துத் திறக்க வரவில்லை. கடப்பாரையால் நெம்பித்தான் உள்ளிருந்த கிரயப் பத்திரத்தை எடுத்தோம். ஒட்டிக்கொண்டிருந்த தாள்களை ஒவ்வொன்றாகப் பிரித்து, துணி காயப்போடும் கொடியில் கிளிப் மாட்டித் தொங்கவிட்டோம். வரவேற்பறைச் சுவரைத் துடைக்கும்போதுதான் ஒன்றைக் கவனித்தேன். வெள்ளம் ஏறிய உயரத்தைக் காட்டும் பழுப்புக் கோடு ஒன்று மட்டும் இருக்கும் என்று நினைத்திருந்தேன். அங்கே ஐந்தாறு கோடுகள் இருந்தன. மின்விளக்குப் பலகைக்கு மேலே இருந்த உச்சிக் கோடு மெல்லியதாகவும், முழங்கால் உயரத்தில் இருந்தது தேய்த்தாலும் போகாத அளவுக்குத் தடித்தும் இருந்தன. தண்ணீர் வடிகையில் எங்கெங்கே நின்று நின்று இறங்கியதோ அங்கெல்லாம் ஒரு கோடு விழுந்திருந்தது. சித்தி சொன்னார்: "வந்தது என்னவோ ஒரு மணி நேரத்துலடா. போறதுக்குத்தான் ஆறு நாள் ஆச்சு."

அந்த நாளுக்குப் பிறகு, நாட்டின் எந்த மூலையில் வெள்ளம் என்று செய்தி வந்தாலும் சித்தியின் கணக்கைத்தான் முதலில் தேடுகிறேன். அது பெரும்பாலும் கிடைப்பதில்லை. எத்தனை சென்டிமீட்டர் மழை, எத்தனை கன அடி திறப்பு, எத்தனை பேர் பலி என்பவை முதல் நாளே வந்துவிடுகின்றன. தண்ணீர் எப்போது வெளியேறியது, எந்த வழியாக வெளியேறியது என்பதை எழுதும் நேரத்தில் செய்தியாளர் வேறு ஊருக்குப் போயிருப்பார். 1980இல் அறிக்கை அளித்த தேசிய வெள்ள ஆணையம், இந்தியாவில் 4 கோடி ஹெக்டேர் நிலம் வெள்ள அபாயத்துக்கு உட்பட்டது என்று கணக்கிட்டது. இன்றுவரை மேற்கோள் காட்டப்படும் எண் அது. பரப்பளவைச் சொல்லும் அந்த எண்ணில் நாள் கணக்கு இல்லை. ஒரே பரப்பில் ஒரே உயரத்துக்கு ஏறும் தண்ணீர், ஓரிடத்தில் வண்டலைக் கொடுத்துவிட்டு நான்கு நாளில் விடைபெறுகிறது. இன்னோரிடத்தில் மார்கழி வரை நிற்கிறது. இரண்டையும் வெள்ளம் என்ற ஒரே சொல்லால்தான் குறிக்கிறோம்.

இந்த வேறுபாடு மிகத் தெளிவாகத் தெரியும் இடம் வட பீகார். இமயத்திலிருந்து அளவற்ற மணலையும் வண்டலையும் சுமந்து வரும் கோசி ஆறு, கடந்த இருநூற்றைம்பது ஆண்டுகளில் நூறு கிலோமீட்டருக்கு மேல் மேற்கு நோக்கி நகர்ந்து வந்த ஆறு. அதை ஓரிடத்தில் கட்டி நிறுத்த 1950களில் இருபுறமும் கரை எழுப்பினார்கள். 1954இல் பீகார் முழுவதிலும் ஆற்றுக்கரைகளின் நீளம் ஏறத்தாழ 160 கிலோமீட்டர். வெள்ள அபாயத்துக்கு உட்பட்ட நிலம் 25 லட்சம் ஹெக்டேர். கரைகளின் நீளம் 3,400 கிலோமீட்டரைத் தாண்டியபோது, அபாயத்துக்கு உட்பட்ட நிலம் ஏறத்தாழ 68 லட்சம் ஹெக்டேராகியிருந்தது. கரை நீளநீள வெள்ளம் சுருங்கும் என்பதுதான் திட்டம்; நடந்தது நேர்மாறு. காரணம் புரிந்துகொள்ளக் கடினமானதன்று. முன்பு சமவெளியெங்கும் பரவிப் படிந்த மணல், கரைகளுக்கு நடுவில் சிக்கி ஆற்றின் படுகையை உயர்த்தியது. கரைக்கு வெளியே பெய்யும் மழையும் சிற்றாறுகளின் நீரும் ஆற்றில் போய்ச் சேர வழியில்லாமல் கரையின் காலடியிலேயே தேங்கின. அதற்கென வைத்த மதகுகள் மணல் மூடிப் போயின. அப்படித் தேங்குவதற்கு அங்கே 'ஜல்ஜமாவ்' என்று தனிப் பெயரே உண்டு. இரு கரைகளுக்கும் உள்ளே மாட்டிக்கொண்ட 300க்கும் மேற்பட்ட ஊர்களோ ஆண்டுதோறும் ஆற்றிலேயே இருக்கின்றன.

2008 ஆகஸ்ட் 18 அன்று நேபாள எல்லைக்குள் குசஹா என்ற இடத்தில் கிழக்குக் கரை உடைந்தது. 9.5 லட்சம் கன அடியைத் தாங்கும்படி வடிவமைத்த கரை, நொடிக்கு ஒன்றரை லட்சம் கன அடிகூட ஓடாத ஒரு நாளில் உடைந்தது என்பதை எத்தனை முறை படித்தாலும் எனக்கு மனம் ஆறுவதில்லை. அதைப் பெருமழையின் கணக்கில் எழுதவே முடியாது. ஆறு தன் பழைய தடம் ஒன்றைப் பிடித்துக்கொண்டு நூறு கிலோமீட்டருக்கு மேல் கிழக்கே போய், பல தலைமுறைகளாகக் கோசியைப் பார்த்திராத சுபோல், மாதேபுரா, அரரியா மாவட்டங்களின் ஊர்களுக்குள் நுழைந்தது. 30 லட்சத்துக்கும் மேற்பட்டோர் பாதிக்கப்பட்டனர். தண்ணீர் போன பிறகு வயல்களில் மிஞ்சியது வண்டலன்று, மணல். வண்டல் விழுந்தால் அடுத்த போகம் தூக்கிக் கொடுக்கும். மணல் விழுந்த நிலத்தை ஆளும் வண்டியும் வைத்து அள்ளினாலொழிய விதைக்க முடியாது.

அசாமுக்குப் போனால் கேள்வியே மாறிவிடுகிறது. பிரம்மபுத்திரா ஆண்டுதோறும் ஏறி இறங்கும் ஆறு. அதற்கேற்ப மிசிங் இன மக்கள் மூங்கில் கால்களின்மேல் 'சாங் கர்' என்னும் வீடுகளைக் கட்டிக்கொண்டு நெடுங்காலமாக வாழ்ந்து வருகிறார்கள். காசிரங்காவின் புல்வெளியும் ஏரிகளும் உயிரோடு இருப்பதற்கு அந்த வெள்ளம் வேண்டும். ஆனால் 1950 ஆகஸ்ட் 15 அன்று ஏற்பட்ட 8.6 அளவு நிலநடுக்கத்தில் மலைகள் சரிந்து இறங்கிய மண் ஆற்றின் படுகையை உயர்த்தியது. அதன் பிறகு ஆறு பக்கவாட்டில் கரையைத் தின்னத் தொடங்கியது. அன்றிலிருந்து அசாம் இழந்த நிலம் 4.27 லட்சம் ஹெக்டேர் என்கிறது அம்மாநில அரசின் கணக்கு. மாநிலப் பரப்பில் 5 சதவீதத்துக்கு மேல். மாஜுலித் தீவு பாதிக்கும் கீழாகச் சுருங்கிவிட்டது. வெள்ளத்தில் மூழ்கிய வயல் தண்ணீர் வடிந்ததும் மீண்டும் வயலாகும். அரித்துப் போன வயலுக்குப் பட்டா மட்டும்தான் மிஞ்சும். நிவாரணத்துக்குரிய தேசியப் பேரிடர்ப் பட்டியலில் ஆற்றரிப்பு நீண்ட காலம் இடம்பெறவில்லை. 15ஆவது நிதிக்குழு வந்துதான் அரிப்பில் இடம்பெயர்ந்தோரின் மறுவாழ்வுக்கென நிதி ஒதுக்கப் பரிந்துரைத்தது.

இவற்றுக்கு நேர் எதிர்முனையில் இருப்பது கேதார்நாத். 2013 ஜூன் 17 காலையில் கோயிலுக்கு மேலே இருந்த சோராபாரி ஏரி உடைந்து சில நிமிடங்களில் காலியானது. தேங்குவதற்கு அந்தச் சரிவில் இடமே இல்லை. தண்ணீர் வந்த வேகத்திலேயே போய்விட்டது, ஆளுயரப் பாறைகளை விட்டுவிட்டு. உத்தராகண்டில் அந்த வாரத்தில் இறந்தோரும் காணாமற்போனோரும் ஐயாயிரத்துக்கு மேல். நாள் கணக்கு எதையும் சொல்லாத ஒரே வகை வெள்ளம் இதுதான்.

மும்பையைப் பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை. 2005 ஜூலை 26 அன்று சாந்தாக்ரூசில் 944 மில்லிமீட்டர் பெய்ததை நாடே அறியும். அதே நாளில் நகரின் தெற்கு முனையில் உள்ள கொலாபாவில் பெய்தது ஏறத்தாழ 73 மில்லிமீட்டர்தான் என்பது அவ்வளவாகப் பேசப்படுவதில்லை. மணிக்கு 25 மில்லிமீட்டர் மழையை, அதுவும் கடல் இறங்கியிருக்கும் நேரத்தில், வெளியேற்றும் அளவுக்குத்தான் நகரின் பழைய வடிகால்கள் கட்டப்பட்டிருந்தன. அன்று கடலும் ஏறியிருந்தது.

கேள்விப்பட்டபோது நான் நம்ப மறுத்த வெள்ளம் ராஜஸ்தானுடையது. தார்ப் பாலைவனத்தில் உள்ள பார்மேர் மாவட்டத்தில் 2006 ஆகஸ்டில், ஆண்டு முழுவதும் பெய்ய வேண்டியதைப்போல் இரு மடங்குக்கு மேல் சில நாட்களில் கொட்டியது. பாலைவனத்தில் விழுந்த மழையை மணல் குடித்துவிடாதா என்றுதான் எனக்கும் தோன்றியது. கவாஸ் என்ற ஊரும் அதன் சுற்றுப்புறமும் அமைந்த பள்ளத்தில், மணலுக்குக் கீழே ஜிப்சம் படிவம் தட்டுப்போலப் பரந்திருக்கிறது. அதைத் தாண்டித் தண்ணீர் இறங்காது. மேலே வழிந்தோடவும் வழியில்லை. ஒட்டகம் நடந்த இடத்தில் படகு ஓடியது. நூற்றுக்கும் மேற்பட்டோர் இறந்தனர். தண்ணீர் மாதக்கணக்கில் நின்றது. வெளியேறும் வழி இல்லையென்றால் பாலைவனமும் ஏரியாகிவிடும் என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டியதில்லை.

வழி இருந்தும் அடைத்துவிட்ட கதை காஷ்மீருடையது. 2014 செப்டம்பரில் ஜீலம் ஸ்ரீநகருக்குள் புகுந்தபோது சில பகுதிகளில் இரு வாரங்களுக்கு மேல் தண்ணீர் வடியவில்லை. மோட்டார் வைத்து இறைத்தார்கள். 1903 வெள்ளத்துக்குப் பிறகு, நகரைச் சுற்றிக்கொண்டு நீர் போவதற்காகவே வெட்டிய உபரிநீர்க் கால்வாய் தூர்ந்து போயிருந்தது. உபரியை வாங்கிக்கொள்ள வேண்டிய வூலர் ஏரியின் பெரும் பரப்பில் வில்லோ மரங்களை நட்டிருந்தார்கள்.

கேரளத்தின் 2018 ஆகஸ்டை எல்லோரும் இடுக்கி அணையோடும் மீனவர்களோடும் சேர்த்தே நினைவுகூர்கிறோம்; வள்ளங்களை லாரியில் ஏற்றிக்கொண்டு வந்து ஆயிரக்கணக்கானோரை மீட்ட அந்த மீனவர்களை எத்தனை முறை நினைத்தாலும் தகும். மாநிலமெங்கும் 433 பேர் உயிரிழந்ததாக அப்போதைய கணக்கு சொன்னது. எனக்கோ குட்டநாட்டின் பிற்பகுதிக் கதைதான் மனத்தில் நிற்கிறது. கடல்மட்டத்துக்கும் கீழே, வரப்புக் கட்டி நீரை இறைத்துவிட்டு நெல் விளைவிக்கும் பகுதி அது. மேட்டுப் பகுதிகளில் சகதியைக் கழுவி முடித்து வாரங்கள் கழிந்த பின்னும் குட்டநாட்டின் பல வீடுகளுக்குள் தண்ணீர் நின்றது. பம்பை முதலிய ஆறுகளின் வெள்ளத்தைக் கடலுக்கு விடக் கட்டிய தோட்டப்பள்ளி மதகு, வடிவமைத்த அளவில் மூன்றில் ஒரு பங்கு நீரைத்தான் வெளியேற்றக் கூடியதாக இருந்தது. உடைந்த வரப்புகளை அடைத்து, மூழ்கிக் கெட்டுப்போன மோட்டார்களைப் பழுது பார்த்து, வரப்புக்குள் அடங்கிய வயல் தொகுதியான 'பாடசேகரம்' ஒவ்வொன்றாக இறைத்தாக வேண்டியிருந்தது. குட்டநாட்டில் வெள்ளம் தானாக வடிவதில்லை. வடிப்பதற்கு மின்கட்டணம் கட்ட வேண்டும்.

நம் பக்கத்துக்கு வருவோம். 2023 டிசம்பர் 18 காலையோடு முடிந்த 24 மணி நேரத்தில் காயல்பட்டினத்தில் ஏறத்தாழ 95 சென்டிமீட்டர் பெய்தது; அது தூத்துக்குடி மாவட்டத்தின் ஓராண்டுச் சராசரியைவிட அதிகம். தாமிரபரணி ஒருபுறம், குளங்களின் உடைப்பு மறுபுறம். கோரம்பள்ளம் குளம் உடைந்து தூத்துக்குடி நகருக்குள் வந்த தண்ணீர், கடல்மட்டத்தை ஒட்டிய தட்டையான தரையில் எந்தப் பக்கம் போவது என்று தெரியாமல் தாழ்வான தெருக்களில் நாள்கணக்கில் நின்றது. கடுமையாகப் பாதிக்கப்பட்ட வட்டங்களில் குடும்பத்துக்கு 6,000 ரூபாய் நிவாரணம். இரண்டு நாள் தண்ணீரில் இருந்தவருக்கும் பத்து நாள் இருந்தவருக்கும் ஒரே தொகைதான். மாநிலப் பேரிடர் நிவாரண நிதி விதிகளிலும், துணிமணி, பாத்திர இழப்புக்கு உதவி பெற வீடு இரண்டு நாளுக்கு மேல் கடுமையாகச் சூழப்பட்டிருக்க வேண்டும் என்ற வரையறை உண்டு. அந்த இரண்டு நாளைத் தாண்டிவிட்டால் விதிக்கு மூன்றும் முப்பதும் ஒன்றே.

விவசாயிகளுக்கு இந்தக் கணக்கு யாரும் சொல்லித் தர வேண்டியதில்லை. வாழைத் தோட்டத்தில் தண்ணீர் நின்றால் கிழங்கு அழுகும் நாள் எது என்று ஏரல் பக்கத்து வாழை விவசாயிக்குத் தெரியும். நெல் ஆய்வாளர்களும் நாள் கணக்கிலிருந்துதான் தொடங்கினார்கள்: வழக்கமான நெற்பயிர் ஒரு வாரம் முழுதாக மூழ்கினாலே பெரும்பாலும் போய்விடும்; 2009இல் வெளியிடப்பட்ட சுவர்ணா சப்-1 ரகம் இரு வாரம் வரை தாங்கி மீண்டும் துளிர்க்கிறது. வெள்ளத்தை எதிர்கொள்ள அறிவியல் கொடுத்த மிகப் பயனுள்ள பதில்களில் ஒன்று, தண்ணீர் எவ்வளவு வந்தது என்பதைப் பற்றியே அக்கறைப்படாத ஒரு விதை.

போன ஆண்டு ஐப்பசியில் எங்கள் பகுதியில் புதிதாகக் கட்டிய மழைநீர்க் கால்வாயைப் பார்க்கச் சித்தியும் நானும் கிளம்பினோம். முழங்கால் வலியோடு எதற்கு என்று சித்தப்பா தடுத்துப் பார்த்தார். தெருமுனையில் தொடங்கி, கான்கிரீட் மூடிகளின்மேல் நடந்தபடியே மூன்று தெருக்களைத் தாண்டினோம். நான்காவது தெருவில் காலி மனை ஒன்றின் மதிற்சுவருக்கு அடியில் கால்வாய் நின்றுவிட்டது. அந்தப் பக்கம் எட்டிப் பார்த்தோம். கால்வாயும் இல்லை, குளமும் இல்லை, புதர்தான் மண்டியிருந்தது. சுவரருகே தேநீர்க் கடை வைத்திருப்பவரிடம், மிச்சத்தை எப்போது கட்டுவார்கள் என்று சித்தி கேட்டார். "இவ்வளவுதாம்மா. பில் போட்டு முடிச்சாச்சு" என்றார் அவர்.