மலைச்சாலைத் தடுப்புச்சுவர்களும் மண்ணுக்குள் செருகும் கம்பிகளும்

மழைக்காலம் முடிந்த கையோடு குன்னூரிலிருந்து உதகைக்கோ கோத்தகிரிக்கோ செல்பவர்கள், சாலையோரத்தில் சரிந்த இடங்களில் புதிய கருங்கல் தடுப்புச்சுவர்கள் எழும்புவதைப் பார்த்திருப்பார்கள். அவற்றில் சில, முந்தைய மழையில் விழுந்த சுவர் நின்ற அதே இடத்தில் அதே முறையில் மீண்டும் கட்டப்படுபவை. மலைச்சாலைப் பணிகளில் பொறியாளராக இருக்கும் எனக்கு இது நெடுநாளாக மனத்தை உறுத்தும் காட்சி. சரிவைத் தடுக்கச் சுவரை மேலும் தடிமனாக்குவதுதான் வழி என்ற எண்ணம் நம்மிடம் ஆழமாக ஊறிப்போயிருக்கிறது. ஆனால் மண்ணுக்குள்ளேயே வலுவூட்டி அது தன்னைத் தானே தாங்கும்படி செய்வதும், உள்ளே தேங்கும் நீருக்கு வழிவிடுவதும்தான் பெரும்பாலான இடங்களில் நிலைத்த தீர்வு.

நீலகிரியின் அடியில் இருப்பது சார்னோகைட் என்னும் மிகக் கடினமான பாறை. அது காலப்போக்கில் சிதைந்து உருவான செம்மண்ணும் களிமண்ணும் அதன்மேல் பல மீட்டர் ஆழத்துக்குப் படிந்திருக்கின்றன. கோடையில் இந்த மண்ணை ஜேசிபி வைத்து நெட்டுக்குத்தாக வெட்டினாலும் அது அப்படியே நிற்கும். மனை போடுகிறவர்கள் அதைப் பார்த்துத்தான் துணிச்சல் கொள்கிறார்கள். அந்த வலிமையில் பெரும்பகுதி மண்ணுக்குச் சொந்தமானதன்று. ஈரம் முழுமையாக நிறையாத மண்துகள்களுக்கிடையே இருக்கும் சிறிதளவு நீர், துகள்களை ஒன்றோடொன்று இழுத்துப் பிடித்து வைத்திருக்கிறது. தொடர்மழையில் துளைகள் முழுவதும் நீரால் நிரம்பியதும் அந்த இழுவிசை மறைந்துவிடுகிறது. 2009 நவம்பரில் கேத்தியில் ஒரே நாளில் 820 மில்லிமீட்டர் மழை கொட்டி, மாவட்டம் முழுவதும் நேர்ந்த சரிவுகளில் நாற்பதுக்கும் மேற்பட்டோர் உயிரிழந்தபோது சரிந்தவற்றில் பல, ஆண்டுக்கணக்கில் அசையாமல் நின்ற வெட்டுச்சரிவுகள்தாம். 2019 ஆகஸ்டில் அவலாஞ்சியில் அதைவிட அதிகமாக, ஒரே நாளில் 900 மில்லிமீட்டருக்கு மேல் பெய்தது.

சுவர் எதை எதிர்த்து நிற்கிறது என்பதைக் கணக்கிட்டுப் பார்ப்பது நல்லது. கன மீட்டருக்கு 1.8 டன் எடையும் 30 பாகை உராய்வுக் கோணமும் (துகள்கள் ஒன்றன்மேல் ஒன்று வழுக்காமல் தடுக்கும் உராய்வின் அளவு) கொண்ட மண்ணை 3 மீட்டர் உயரச் சுவர் தாங்கி நின்றால், சுவரின் ஒவ்வொரு மீட்டர் நீளத்தின் மீதும் ஏறத்தாழ 2.7 டன் பக்கவாட்டுத் தள்ளுவிசை வருகிறது. உயரத்தை 6 மீட்டராக்கினால் அது இரண்டு மடங்காவதில்லை. நான்கு மடங்காகி 10.8 டன்னாகிறது. சுவரைக் கவிழ்க்க முயலும் திருப்புவிசையோ எட்டு மடங்காகிறது. மூன்று மீட்டர் சுவரைப் பார்த்துப் பழகிய மேஸ்திரி, அதே கைக்கணக்கில் ஆறு மீட்டர் சுவரை எழுப்பும்போது எங்கே இடறுகிறார் என்பது இப்போது புரியும்.

இனி நீரைச் சேர்ப்போம். அதே 6 மீட்டர் சுவருக்குப் பின்னால் நீர் முழு உயரத்துக்குத் தேங்கினால், நீர் மட்டுமே மீட்டருக்கு 18 டன் விசையுடன் தள்ளும். மூழ்கிய மண்ணின் எடை குறைவதால் மண்ணின் பங்கு பாதியாகக் குறைந்தாலும் மொத்தம் 23 டன்னைத் தாண்டிவிடுகிறது. மண்ணுக்காக மட்டும் கணக்கிட்டுக் கட்டிய சுவர், இரு மடங்குக்கு மேற்பட்ட சுமையைத் தாங்க வேண்டியதாகிறது. விழுந்து கிடக்கும் சுவர்களின் உடைந்த பகுதியைக் குனிந்து பார்த்தால் காரணம் பெரும்பாலும் கண்ணுக்கே தெரியும். முகப்பில் வீப் ஹோல் என்னும் நீர்க்கசிவுத் துளைக்கான பிளாஸ்டிக் குழாய் நீட்டிக்கொண்டிருக்கும். பின்பக்கம் அதன் வாய் களிமண்ணால் அடைபட்டு, உள்ளே துளி ஈரம்கூட ஓடிய தடம் இருக்காது. குழாய்க்குப் பின்னால் ஜல்லியும் வடிகட்டும் துணியும் வைக்காமல், வெட்டிய செம்மண்ணையே அப்படியே தள்ளி நிரப்பியிருப்பார்கள். நான் பார்த்த ஒரு சுவரில், பூச்சு வேலையின்போது துளைகளின் வாயைச் சிமெண்டுக் கலவை வைத்து வழவழப்பாக மூடியிருந்தார்கள். ஒரு மீட்டருக்கு ஒரு துளை என்று வரைபடத்தில் சரியாகவே குறிக்கப்பட்டிருந்தது என்பதுதான் வேதனை.

மண்ணுக்கே வலிமை கொடுக்கும் எண்ணம் மிகப் பழையது. பாக்தாத் அருகே அகர்கூஃபில் இன்றும் நிற்கும் பழங்கால மெசபொத்தேமியக் கோபுரத்தில், செங்கல் வரிசைகளுக்கிடையே நாணற்பாய்களைப் பரப்பியிருக்கிறார்கள். அதைக் கணக்கும் கோட்பாடுமாக மாற்றியவர் பிரான்ஸ் நாட்டுப் பொறியாளர் ஹென்றி விடால். 1960களின் தொடக்கத்தில் அவர் காப்புரிமை பெற்ற முறையில், மண்ணை அடுக்கடுக்காகக் கொட்டி இறுக்கி, அடுக்குகளுக்கிடையே உலோகப் பட்டைகளைக் கிடையாக வைத்தார்கள். மண் அழுத்தத்தைத் தாங்கும், ஆனால் இழுவிசையைத் தாங்காது. பட்டை இழுவிசையைத் தாங்கும். இரண்டுக்கும் இடையிலான உராய்வே அவற்றை ஒன்றாக்குகிறது. இன்று பட்டைகளின் இடத்தில் பாலிமரால் ஆன ஜியோகிரிட் வலைகள் பெருமளவில் வந்துவிட்டன. நம் ஊர் மேம்பாலங்களின் ஏற்றப் பகுதியில், கான்கிரீட் பலகைகளை அடுக்கியதுபோல் தெரியும் பக்கச்சுவர்கள் பெரும்பாலும் இவ்வகைதான். களத்தில் இருப்பவர்கள் ஆர்.இ. வால், அதாவது வலுவூட்டிய மண்சுவர் என்பார்கள். அந்தப் பலகைகள் மண்ணைத் தாங்கி நிற்பதாகப் பலர் நினைக்கிறார்கள். உண்மையில் அவை முகப்பு மட்டுமே. சுவர் என்று சொல்லத் தக்கது பின்னால் இருக்கும், வலை கோத்த மண்திரள்தான்.

இந்த முறைக்கு இரண்டு நிபந்தனைகள் உண்டு. வலைகளின் நீளம் பொதுவாகச் சுவரின் உயரத்தில் 70 விழுக்காட்டுக்குக் குறையக் கூடாது. ஆகவே 6 மீட்டர் சுவருக்கு 4.2 மீட்டராவது பின்னால் இடம் வேண்டும். பள்ளத்தாக்குப் பக்கம் இடிந்து விழுந்த சாலையை மீட்டுக் கட்டும்போது அந்த இடம் கிடைக்கலாம். மேட்டுப்பக்கம் அதற்காக மலையை மேலும் வெட்ட நேர்ந்தால் நோய்க்கு நோயே மருந்தாகிவிடும். மற்றொன்று நிரப்பும் மண். 75 மைக்ரானுக்கும் நுண்ணிய துகள்கள் 15 விழுக்காட்டுக்கு மேற்படாத, நீர் எளிதில் வடியும் சரளை மண்ணே பொருத்தமானது. மலையில் அது கிடைப்பதில்லை; சமவெளியிலிருந்து லாரியில் ஏற்றி வர வேண்டும். செலவைக் குறைக்க அருகிலுள்ள செம்மண்ணையே போட்டு வலை விரித்தால், முதல் இரண்டு மழைக்காலங்களிலேயே முகப்பு வயிறு தள்ளத் தொடங்கிவிடும். இதில் சிக்கனம் பார்க்கவே கூடாது என்பது என் உறுதியான கருத்து.

மேட்டுப்பக்க வெட்டுச்சரிவுகளுக்கு ஏற்றது சாயில் நெயிலிங் என்னும் மண் ஆணி முறை. 1970களின் தொடக்கத்தில் பிரான்சின் வெர்சாய் அருகே இருப்புப்பாதை அகலப்படுத்தும் பணியில் பெரிய அளவில் பயன்பட்ட பிறகு இது உலகெங்கும் பரவியது. இதன் சிறப்பு, வேலை மேலிருந்து கீழாக நடப்பதுதான். முதலில் ஒன்றரை மீட்டர் ஆழம் மட்டும் வெட்டுகிறார்கள். கிடைமட்டத்திலிருந்து 10 முதல் 15 பாகை கீழ்நோக்கிச் சாய்வாக, 100 மில்லிமீட்டர் விட்டமுள்ள துளையைப் பல மீட்டர் ஆழத்துக்குத் துளைக்கிறார்கள். 25 மில்லிமீட்டர் முறுக்குக் கம்பியை, அது துளையின் நடுவில் நிற்கும்படி இடையிடையே தாங்கிகள் பொருத்தி உள்ளே செலுத்துகிறார்கள். பிறகு துளையின் அடிமுனை வரை குழாயை விட்டு, அங்கிருந்து சிமெண்டுக் குழம்பைச் செலுத்தத் தொடங்குகிறார்கள். முதலில் சேறு கலந்த செந்நிறக் குழம்பு வாய்ப்பக்கம் வழியும்; அது மெல்ல வெளுத்து, தூய சாம்பல் நிறத்துக்கு வந்த பிறகுதான் நிறுத்த வேண்டும். வாயிலிருந்தே ஊற்றி நிரப்பினால் நடுவில் காற்று அடைபட்டு, அந்த இடத்தில் கம்பிக்குப் பிடிமானமும் இருக்காது, துருவிலிருந்து காப்பும் இருக்காது. ஒரு வரிசை முடிந்து, கம்பிவலை விரித்து, கான்கிரீட்டை விசையுடன் தெளித்து முகப்பை மூடிய பின்னரே அடுத்த ஒன்றரை மீட்டரை வெட்டலாம்.

குழம்புக்கும் மண்ணுக்கும் இடையே சதுர மீட்டருக்கு 5 டன் பிடிமானம் கிடைப்பதாகக் கொண்டால், 100 மில்லிமீட்டர் துளையில் ஒவ்வொரு மீட்டரும் ஏறத்தாழ 1.6 டன்னைத் தாங்கும். சரியக்கூடிய மண்ணைத் தாண்டி உறுதியான மண்ணுக்குள் 4 மீட்டர் சென்றிருந்தால் ஓர் ஆணி 6 டன்னுக்குச் சற்று மேல் தாங்குகிறது. அந்த 5 டன் உண்மையிலேயே கிடைக்கிறதா என்பதை இழுவைச் சோதனைதான் சொல்லும். சோதனைக்கென்றே சில ஆணிகளைத் தனியாக அடித்து, ஜாக்கியால் படிப்படியாக இழுத்து, ஒவ்வொரு படியிலும் சில நிமிடங்கள் நிறுத்தி, ஆணியின் நகர்வை அளக்கும் டயல் கேஜில் முள் நகர்வதைக் குறித்துக்கொள்வோம். சுமையைக் கூட்டாத நிலையிலும் முள் நிற்காமல் ஊர்ந்துகொண்டே இருந்தால் அந்த மண்ணுக்கு அந்த வடிவமைப்பு போதாது. ஒப்பந்தக் காலம் நெருக்குகிறது என்று இந்தச் சோதனையைத் தவிர்ப்பவர்களை நான் பார்த்திருக்கிறேன். கம்பி கண்ணுக்குத் தெரியாமல் புதைந்துவிடும் வேலை இது என்பதால், சோதனை ஒன்றுதான் அதன் சாட்சி.

இம்மாதிரி வலுவூட்டலை ஓர் அரசு எவ்வளவு தீவிரமாக எடுத்துக்கொள்ள முடியும் என்பதற்கு ஹாங்காங் எடுத்துக்காட்டு. 1972 ஜூன் 18 அன்று சாவ் மாவ் பிங்கிலும் போ ஷான் சாலையிலும் நேர்ந்த சரிவுகளில் 138 பேர் இறந்தனர். 1976இல் சாவ் மாவ் பிங்கில் மீண்டும் ஒரு சரிவு 18 உயிர்களைப் பறித்தது. அடுத்த ஆண்டே சரிவுகளுக்கென்று தனி அலுவலகம் அமைத்தார்கள். மனிதர் வெட்டிய ஒவ்வொரு சரிவுக்கும் எண் கொடுத்துப் பதிவு செய்து, ஆண்டுதோறும் சீரமைத்துக்கொண்டே வருகிறார்கள். அங்கே இன்று மிக அதிகமாகப் பயன்படுவது மண் ஆணிதான். சிதைந்த பாறையின் மண்ணும் பெருமழையும் நெருக்கமான குடியிருப்பும் நமக்கும் பொது. அந்தப் பதிவேட்டைப் போன்ற ஒன்று நம் மலை மாவட்டங்களுக்கும் வேண்டும் என்று மனமார விரும்புகிறேன்.

நீலகிரியிலும் சில ஆண்டுகளாக நெடுஞ்சாலைத் துறை மண் ஆணி அடித்து, அதன்மேல் விதை, உரம், நார், பசை ஆகியவற்றை நீரில் கலந்து குழாயால் பீய்ச்சிப் புல் வளர்க்கும் பணியைச் சில இடங்களில் செய்துவருகிறது. முகப்பு முழுவதையும் கான்கிரீட்டால் மூடாமல் பசுமையாக விடுவது வரவேற்கத்தக்கது. வெட்டிவேர் இதற்கு மிக உகந்தது. அதன் வேர் நல்ல மண்ணில் ஓராண்டுக்குள்ளேயே மூன்று மீட்டர் ஆழம்கூடச் செல்லும். ஆனால் அது நிழலில் செழிக்காது. சோலையோர, தைல மர நிழல் படியும் சரிவுகளில் நட்டால் நலிந்துவிடும். எந்தப் புல்லானாலும், மேல்மண் ஓரிரு மீட்டர் தடிமனுக்கு வழுக்குவதைத் தடுக்குமே தவிர அதற்கும் கீழே உள்ள நகர்வைத் தடுக்காது.

ஆணிக்கும் எல்லை உண்டு. இலங்கையின் பதுளை மாவட்டத்தில் கொஸ்லந்தை மீரியபெத்தையில், 2014 அக்டோபர் 29 அன்று மலையகத் தமிழ்த் தோட்டத் தொழிலாளர்களின் லயன் வீடுகளைப் புதைத்ததைப் போன்ற, மலைமுகமே பெயர்ந்து வரும் சரிவைப் பத்து மீட்டர்க் கம்பிகளால் நிறுத்த முடியாது. அங்கே முன்கூட்டியே ஆபத்து எச்சரிக்கை விடப்பட்டிருந்தது. அத்தகைய இடங்களில் மக்களை, அவர்களுடைய வேலையும் பள்ளியும் அறுபடாதபடி, பாதுகாப்பான நிலத்துக்குக் குடியமர்த்துவது ஒன்றே வழி.

மலையில் வீடு வைத்திருப்பவர்கள் தாங்களே செய்யக்கூடியவை சில உண்டு. தென்மேற்குப் பருவமழை கூடலூர், நடுவட்டம் பக்கமும் வடகிழக்குப் பருவமழை குன்னூர், கோத்தகிரி பக்கமும் கடுமையாக இருக்கும் என்பதால், அவரவர் பகுதிக்கேற்ப மே மாதத்திலோ செப்டம்பரிலோ தடுப்புச்சுவரின் வீப் ஹோல்களுக்குள் கம்பி விட்டுத் துப்புரவு செய்துகொள்ளுங்கள். சரிவின் உச்சியில் ஒரு சிறு கான்கிரீட் வாய்க்கால் வெட்டி, மேலிருந்து வரும் நீரைப் பக்கவாட்டில் திருப்பிவிடுங்கள். சரிவின் தலைப்பில் கழிவுநீர்க் குழியோ உடைந்த தண்ணீர்க் குழாயோ இருக்க விடாதீர்கள். மழையின்போது துளையில் தெளிந்த நீர் வடிந்தால் கவலையில்லை. கலங்கிய நீர் வந்தாலோ, வழக்கமாக வடியும் துளை பெருமழையில் திடீரென்று வறண்டாலோ, சுவரின் தலைக்குப் பின்னால் தரையில் வளைவாக விரிசல் ஓடினாலோ, அன்றிரவே வீட்டை விட்டு வெளியேறி, பொறியாளருக்கும் வட்டாட்சியர் அலுவலகத்துக்கும் தகவல் சொல்லுங்கள்.