கேட்டுக்கு வெளியே போலீஸ் வேண்டும் என்று ரிட் போட்ட அனுபவம்

நான் அரசு உதவி பெறும் ஒரு தன்னாட்சிக் கல்லூரியில் அலுவலகக் கண்காணிப்பாளர். தேர்வுக் கட்டண உயர்வை எதிர்த்து மாணவர்கள் ஒன்பது நாள் மெயின் கேட்டைப் பூட்டிவிட்டார்கள். கட்டணம் அதிகம்தான், அதைக் கல்லூரி முதல்வரிடமே சொன்னேன். ஆனால் செமஸ்டர் தேர்வு நெருங்கிவிட்டது, ஒரு நாள் இரண்டு பேராசிரியைகளை இரவு எட்டு மணி வரை வெளியே விடவில்லை. அதோடு நிர்வாகம் ஹைகோர்ட்டுக்குப் போவதென்று முடிவெடுத்தது, பேப்பர் வேலை முழுவதும் என் தலையில் விழுந்தது.

எடுத்த எடுப்பில் ரிட், அதாவது அரசுத் தரப்புக்கு உத்தரவிடச் சொல்லி ஹைகோர்ட்டில் போடும் மனு, போட முடியாது. அரசியல் சட்டப் பிரிவு 226-இல் மாண்டமஸ் (கடமையைச் செய்யும்படி அதிகாரிக்குப் போடும் உத்தரவு) கேட்கிறோம் என்றால், செய்ய வேண்டியவரிடம் கேட்டோம், அவர் செய்யவில்லை என்று காட்ட வேண்டும். ஸ்டேஷனில் முதல் இரண்டு தடவை "காலேஜ் விஷயம், நீங்களே பேசி முடிச்சுக்குங்க சார்" என்று அனுப்பிவிட்டார்கள், மூன்றாவது தடவைதான் சிஎஸ்ஆர் ரசீது (புகாரைப் பெற்றுக்கொண்டதற்கு ஸ்டேஷனில் தரும் சீட்டு) கிடைத்தது. எஸ்.பி.க்குப் பதிவுத் தபாலில் அதே மனுவை அனுப்பியிருந்தோம். வக்கீல் என் ஃபைலில் முதலில் தேடியது போட்டோக்களை அல்ல, அந்த இளஞ்சிவப்பு ஒப்புகை அட்டையைத்தான். அதற்கடுத்து வாட்ச்மேன் அண்ணன் நோட்டில் எழுதி வைத்திருந்தது: எந்த நாள், எத்தனை மணிக்குப் பூட்டினார்கள், யார் உள்ளே மாட்டினார்கள். போராட்டம் தொடங்கிய அன்றே ஒருவரை உட்காரவைத்து இப்படி எழுதச் சொல்லுங்கள், பின்னால் யோசித்து எழுதினால் தேதி இடிக்கும்.

என்ன கேட்கிறோம் என்பதில்தான் நாங்கள் நிறைய மல்லுக்கட்டினோம். 2008 நவம்பர் 12 அன்று சென்னை சட்டக் கல்லூரியில் மாணவர்கள் ஒருவரையொருவர் அடித்துக்கொண்டபோது போலீஸ் வாசலில் நின்று பார்த்துக்கொண்டிருந்ததை டிவியில் பார்த்தவன் நான். அதே சமயம், லத்தியோடு வகுப்புக்குள் வருவதையும் என்னால் ஏற்க முடியாது. அதனால் போக வர வழி விட வேண்டும், காவல் கேட்டுக்கு வெளியே இருக்க வேண்டும், முதல்வர் எழுத்தில் கேட்டால் மட்டும் உள்ளே வர வேண்டும் என்று, மனுவில் கோர்ட்டிடம் என்ன உத்தரவு வேண்டும் என்று கேட்கும் 'பிரார்த்தனை'ப் பகுதியில் தெளிவாக எழுதச் சொன்னேன். வக்கீலும் ஒத்துக்கொண்டார்.

அப்புறம் பெயர்ப் பட்டியல். நிர்வாகம் 22 மாணவர்களின் பெயரை நீட்டியது. யாரைத் தடுக்கச் சொல்லிக் கேட்கிறோமோ அவர்களை எதிர்மனுதாரராகச் சேர்த்தே ஆக வேண்டும் என்றார் வக்கீல், அது நியாயம். ஆனால் 22 பேரையும் கோர்ட்டுக்கு இழுக்க எனக்கு மனசில்லை. இரண்டு நாள் பேசி, ஸ்டிரைக் நோட்டீஸில் கையெழுத்துப் போட்ட மூன்று பேர் போதும் என்று ஆக்கினேன். கோர்ட் நோட்டீஸை நானே கொண்டுபோய்க் கொடுத்தேன். மூன்றாம் ஆண்டு பையன் ஒருவன் கவரைப் பிரிக்கவே இல்லை, ஓரத்தை மடித்து மடித்து நிமிர்த்திக்கொண்டே, "சார், இது அப்பாவுக்குப் போகுமா? வேலைக்குப் போகும்போது கேஸ்னு வருமா?" என்றான். இது எஃப்ஐஆர் இல்லைப்பா, நீ குற்றவாளி இல்லை, உன் தரப்பைச் சொல்லத்தான் கூப்பிடுகிறார்கள் என்று அங்கேயே உட்கார்ந்து விளக்கினேன். இந்த ஒரு வேலையை வேறு யார் கையிலும் விடாதீர்கள்.

ஹைகோர்ட்டின் மதுரைக் கிளையில் விசாரணை பத்து நிமிடம்கூட நடக்கவில்லை. பாதுகாப்புக் கொடுக்க ஆட்சேபனை இல்லை என்று அரசு வழக்கறிஞர் சொன்னார், மாணவர்கள் தரப்பில் போராடும் உரிமையைப் பறிக்கக் கூடாது என்றார்கள். கேட்டிலிருந்து 100 மீட்டர் தள்ளி அமைதியாகப் போராடலாம், யாரையும் மறிக்கக் கூடாது, தேர்வு முடியும்வரை போலீஸ் பாதுகாப்புத் தர வேண்டும் என்று சொல்லி மனுவை முடித்துவைத்தார்கள். உத்தரவு கைக்கு வர நாளாகும் என்பதால், வக்கீலிடம் அன்றைக்கே ஒரு கடிதம் வாங்கி ஸ்டேஷனில் கொடுத்தோம், சான்றிட்ட நகல் வந்ததும் அதையும் சேர்த்தோம்.

திங்கட்கிழமை காலை கேட்டுக்கு வெளியே நான்கு பேர் பந்தோபஸ்துக்கு வந்தார்கள், அதில் இரண்டு பேர் பெண் காவலர்கள். சாலைக்கு எதிர்ப்புறம் தள்ளி மாணவர்கள் உட்கார்ந்து கோஷம் போட்டார்கள். ஒன்பதரைக்குப் பரீட்சை இருந்தவர்கள் மட்டும் எழுந்து, ஹால் டிக்கெட்டைக் காட்டி உள்ளே வந்தார்கள். அந்தப் பையனும் வந்தான். எழுதி முடித்துவிட்டு மறுபடி போய் அங்கேயே உட்கார்ந்தான், யாரும் தடுக்கவில்லை.