மகளின் பிறந்த தேதியைப் பள்ளிப் பதிவேடுகளில் திருத்திய அனுபவம்

பத்தாம் வகுப்புப் பொதுத்தேர்வுக்கான பெயர்ப்பட்டியல் தயாரிப்பதற்காக, பெயர், தலைப்பெழுத்து, பிறந்த தேதி ஆகியவற்றைச் சரிபார்த்துப் பெற்றோர் கையொப்பமிட வேண்டிய படிவம் 2024-ஆம் ஆண்டில் என் மகளின் பள்ளியிலிருந்து வந்தது. 11.07.2010 அன்று பிறந்த அவளுக்கு அதில் 07.11.2010 என்று இருந்தது. நாளும் மாதமும் இடம் மாறிய இந்தப் பிழை, தொடக்கப் பள்ளியின் சேர்க்கைப் பதிவேட்டில் விழுந்து, மாற்றுச் சான்றிதழ் வழியாக உயர்நிலைப் பள்ளிக்கும், அங்கிருந்து மாணவர் விவரங்களைப் பள்ளிக் கல்வித் துறை பதிந்து வைக்கும் எமிஸ் (EMIS) இணையதளத்துக்கும் வந்து சேர்ந்திருந்தது.

உடனே தலைமையாசிரியரைச் சந்தித்தோம். மதிப்பெண் சான்றிதழ் அச்சாகும் முன்பே திருத்திவிட வேண்டும் என்றும், அதன் பிறகு உரிமையியல் நீதிமன்றத்தில் வழக்குத் தொடுத்துத் தீர்ப்புப் பெற வேண்டிய நிலைகூட வரலாம் என்றும் அவர் எடுத்துச் சொன்னார். பத்தாம் வகுப்புச் சான்றிதழே பிற்காலத்தில் கல்லூரிக்கும் அரசுப் பணிக்கும் வயதுச் சான்றாக நிற்கிறது என்பதால், அவர் காட்டிய அவசரம் நியாயமானது.

பள்ளிப் பதிவேடுகளைத் திருத்தும் முன் பிறப்புச் சான்றிதழையே சரிசெய்ய வேண்டியிருந்தது. மருத்துவமனையிலிருந்து பதிவான அந்தச் சான்றிதழில் தேதி சரியாக இருந்தது. குழந்தையின் பெயர் மட்டும் இல்லை. 1969-ஆம் ஆண்டின் பிறப்பு, இறப்புப் பதிவுச் சட்டம் பெயரின்றிப் பதிவு செய்யவும் பின்னர் பெயரைச் சேர்க்கவும் இடம் தருகிறது. அதற்கான காலம் பதிவு நாளிலிருந்து 15 ஆண்டுகள். மகளுக்கு 14 வயதே நிறைந்திருந்ததால், பிறப்பைப் பதிவு செய்த நகராட்சியில் பெற்றோர் இருவரின் உறுதிமொழியோடு விண்ணப்பித்துப் பெயருடன் கூடிய சான்றிதழைப் பெற்றோம். ஆதாரில் தேதி சரியாகத்தானே இருக்கிறது, அதைக் காட்டினால் போதாதா என்று உறவினர் சிலர் கேட்டார்கள். ஆதார் அடையாள ஆவணமே அன்றிப் பிறந்த தேதிக்கான சான்று அன்று. உச்ச நீதிமன்றமும் 2024 அக்டோபரில் வழங்கிய ஒரு தீர்ப்பில் இதையே சுட்டிக்காட்டியது.

அடுத்து, பிழை தொடங்கிய இடத்திலிருந்தே திருத்தம் வர வேண்டும் என்று உயர்நிலைப் பள்ளியில் சொன்னதால், தொடக்கப் பள்ளிக்குச் சென்று சேர்க்கைப் பதிவேட்டின் அந்தப் பக்கத்துக்குச் சான்றொப்பமிட்ட நகல் கேட்டோம். அங்கு முதலில் தயங்கினார்கள். எழுத்துப்பூர்வமாக விண்ணப்பம் கொடுத்து அதற்கு ஒப்புகை பெற்ற பிறகே நகல் கிடைத்தது. அந்த நகல், பிறப்புச் சான்றிதழ், மருத்துவமனையில் தந்த தடுப்பூசி அட்டை, பெற்றோரின் உறுதிமொழிப் பத்திரம் ஆகியவற்றை இணைத்துத் தலைமையாசிரியரின் பரிந்துரையுடன் விண்ணப்பம் மாவட்டக் கல்வி அலுவலகத்துக்குச் சென்றது.

அங்கே அதிகாரி முதலில் கவனித்தது, தேதியை மாற்றுவதால் மாணவிக்கு முறையற்ற பயன் ஏதும் கிடைக்கிறதா என்பதைத்தான். உண்மைத் தேதியின்படி சேர்க்கையின்போது வயது போதாமல் இருந்திருக்குமானால் கோரிக்கை அங்கேயே நின்றுவிடும். எங்கள் விண்ணப்பத்துக்கு வலுச் சேர்த்ததும் இதே கணக்குதான். முதல் வகுப்பில் சேர ஜூலை 31-க்குள் 5 வயது நிறைந்திருக்க வேண்டும். 2015 ஜூனில் சேர்க்கப்பட்ட என் மகளுக்குப் பிறந்த தேதி பதிவேட்டில் உள்ளபடி நவம்பர் என்றால், அந்த ஆண்டு அவளைச் சேர்த்திருக்கவே முடியாது. ஜூலை என்றால்தான் சேர்க்கை விதிப்படி அமைகிறது. பதிவேடே தன் பிழையைக் காட்டிக்கொடுக்கிறது என்பதை விண்ணப்பத்தின் முதல் பத்தியிலேயே விளக்கி எழுதியிருந்தோம். ஆவணங்களை மட்டும் அடுக்கி வைப்பதைவிட, பிழை எப்படி நேர்ந்தது என்பதை இப்படித் தெளிவாக எழுதுவது மிகவும் உதவும் என்று நான் உறுதியாக நம்புகிறேன்.

ஆணை வந்ததும் இரு பள்ளிகளின் சேர்க்கைப் பதிவேடுகளிலும் பழைய தேதியைச் சிவப்பு மையால் அடித்து, ஆணை எண்ணைக் குறித்துத் தலைமையாசிரியர்கள் கையொப்பமிட்டார்கள். எமிஸ் தளத்திலும் தேதி மாறிய பிறகு, பொதுத்தேர்வுப் பெயர்ப்பட்டியலின் திருத்திய படியைக் கேட்டு வாங்கிப் பார்த்துவிட்டே கையொப்பமிட்டேன். பழைய மாற்றுச் சான்றிதழின் நகல்களில் தவறான தேதி இன்னும் இருப்பதால், யாரேனும் கேட்டால் காட்டுவதற்கு அந்த ஆணையின் சான்றொப்பமிட்ட நகல்களைப் பிறப்புச் சான்றிதழுடன் சேர்த்து வைத்திருக்கிறோம்.